வால்கோ மாலுக்குப் பக்கத்தில் குடியிருந்தவள் சொல்வது

கலிபோர்னியாவின் கூபர்டினோவில் இருந்த வால்கோ மால் ஏன் மூடப்பட்டது என்று இங்கே யாரைக் கேட்டாலும், "எல்லாரும் ஆன்லைன்ல வாங்க ஆரம்பிச்சுட்டாங்க, அதான்" என்பார்கள். எனக்கு அது போதவில்லை. அதே ஸ்டீவன்ஸ் கிரீக் சாலையைப் பிடித்துக் கிழக்கே போனால் கால் மணி நேரத்தில் வேலி ஃபேர் மால் வரும். டிசம்பரில் அங்கே கார் நிறுத்த இடம் தேடிச் சுற்றியே எத்தனையோ தம்பதிகளுக்குள் சண்டை வந்திருக்கிறது, எங்களுக்குள்ளும்தான். நூறு கோடி டாலருக்கு மேல் போட்டு அதை விரிவாக்கி 2020இல் திறந்தார்கள். வால்கோவில் அதற்குள் இடிப்பு வேலையே தொடங்கியிருந்தது. இரண்டுக்கும் வந்தது ஒரே ஊர் ஜனம், ஒரே சம்பளம். இரண்டுக்கும் எதிரில் நின்றது ஒரே அமேசான். ஆனாலும் ஒன்று வாழ்ந்தது, இன்னொன்று போனது.

2007இலிருந்து வால்கோவுக்கு நடந்து போகும் தூரத்தில் வாடகைக்கு இருந்தோம். கடைகள் ஒவ்வொன்றாகக் காலியானதையும், அப்புறம் அந்த இடத்தில் என்ன கட்டுவது என்று ஊரே இரண்டுபட்டதையும் பக்கத்திலிருந்து பார்த்தேன். மங்கிக்கொண்டிருக்கும் ஒரு மாலுக்குப் பக்கத்தில் வீடு வாங்கவோ, அதற்குள்ளேயே சின்னதாகக் கடை போடவோ யோசிக்கிறவர்களுக்கு இதில் ஏதாவது உதவலாம்.

முதலில் இடத்தைச் சொல்லிவிடுகிறேன். இன்று சிலிக்கான் பள்ளத்தாக்கு என்று சொல்கிற இந்த இடம் ஒரு காலத்தில் பிளம், ஏப்ரிகாட் தோப்புகளுக்குப் பேர்போனது. வேரியன் என்ற எலெக்ட்ரானிக்ஸ் நிறுவனமும் நிலம் வைத்திருந்த சில குடும்பங்களும் சேர்ந்து மாலைச் சுற்றிய வட்டாரத்தை உருவாக்கினார்கள். அவர்களுடைய பெயர்களின் முதலெழுத்துகளைக் கோத்ததுதான் வால்கோ. மால் 1976இல் திறந்தது. 280 நெடுஞ்சாலையை ஒட்டி ஏறக்குறைய 50 ஏக்கர், 12 லட்சம் சதுர அடிக் கடைகள். உல்ஃப் சாலை நடுவில் ஓட, மால் இரண்டு பக்கமும் பரவியிருந்தது. மேல்தளம் ஒரு பாலமாகச் சாலையைத் தாண்டி ஜே.சி.பென்னி கடைக்குப் போகும். கீழே கார்கள் போகும், மேலே ஜனம் நடக்கும். முதல் தடவை பார்க்கிறவர்களுக்கு வேடிக்கையாக இருக்கும்.

சிக்கலும் அந்த அமைப்பிலேயே இருந்தது. மால் என்றால் ஒரே முதலாளியின் கட்டடம் என்று நாம் நினைக்கிறோம். அமெரிக்காவின் பழைய மால்கள் பலவற்றில் அப்படிக் கிடையாது. மூலைக்கொன்றாக நிற்கும் பெரிய கடைகள் தங்கள் கட்டடத்தையும், அதைச் சுற்றிய கார் நிறுத்துமிடத்தையும் தனியாக வைத்திருக்கும். நடுவில் இருக்கும் சின்னக் கடைகளின் வரிசை வேறொருவர் கையில். எல்லோருக்கும் பொதுவாக ஒரு ஒப்பந்தம் இருக்கும். நடைபாதையை மாற்றவோ, கார் நிறுத்துமிடத்தில் கட்டடம் எழுப்பவோ ஒருவரை ஒருவர் கேட்டாக வேண்டும். வால்கோவிலும் மேசிஸ், சியர்ஸ், ஜே.சி.பென்னி இருந்த இடங்கள் ஒருவர் கையில் இல்லை. நடுப்பகுதியும் கைமாறிக்கொண்டே இருந்தது. 2007இல் 'கூபர்டினோ ஸ்கொயர்' என்று பெயர் மாற்றினார்கள். ஊரில் யாரும் அப்படிக் கூப்பிடவில்லை. 2008இல் திவால் மனு. 2009இல் வியட்நாமிய உணவுத் தொழில் நடத்தும் ஒரு நிறுவனம் 6.4 கோடி டாலருக்கு வாங்கியது. பழைய பெயர் திரும்ப வந்தது, ஆனால் கடைகள் வரவில்லை. பங்காளிகள் பிரித்துக்கொண்ட வீட்டில் கூரை ஒழுகினால் யார் ஓடு மாற்றுவது என்ற கதைதான். அந்தப் பக்கம் வேலி ஃபேர் ஒரே பெரிய நிறுவனத்தின் நிர்வாகத்தில் வருடா வருடம் வளர்ந்தது. அதற்கு எதிரில் 2002இல் சந்தானா ரோ என்ற கடைத்தெருவும் வந்துவிட்டது. நல்ல துணிக்கடை, நல்ல உணவகம் எது இந்தப் பகுதிக்கு வந்தாலும் அங்கேதான் இடம் தேடியது.

நான் வந்தது எச்-4 விசாவில், அதாவது கணவரைச் சார்ந்து வருகிற விசா. வேலை பார்க்க அப்போது அனுமதி இல்லை, கார் ஓட்டவும் தெரியாது, கையில் குழந்தை. ஜனவரி மழையில் ஸ்ட்ரோலரைத் தள்ளிக்கொண்டு போக எனக்கு இருந்த கூரை வால்கோதான். அம்மா ஊரிலிருந்து வந்தபோது காலை நடையும் அங்கேதான். கடைகள் திறக்கும் முன்பே கதவு திறந்துவிடுவார்கள். வயதான சீனத் தம்பதிகள், நம் ஊர் மாமா மாமிகள், எல்லோரும் ஸ்வெட்டர் போட்டுக்கொண்டு அந்த நீளத்தை அளப்பார்கள். "இவ்ளோ பெரிய இடத்துல வியாபாரமே நடக்கலையே, கரண்ட் பில்லுக்காவது வருமா?" என்று அம்மா கேட்பார். கும்பகோணத்தில் கடை வைத்திருந்த குடும்பம். கண் அங்கேதான் போகும்.

அம்மா சொன்னதற்கு அப்புறம்தான் நானும் கவனித்துப் பார்க்க ஆரம்பித்தேன். மால் இறங்குகிறதா என்று பார்க்கக் காலிக் கடைகளை எண்ணினால் போதாது. காலியான இடத்துக்கு யார் வருகிறார்கள் என்று பாருங்கள். வால்கோவில் 2007இல் 16 திரை கொண்ட ஏ.எம்.சி. தியேட்டர் வந்தது. பௌலிங் வந்தது, பனிச்சறுக்குத் தளம் முன்பிருந்தே இருந்தது, ஜிம்மும் இருந்தது. வார இறுதியில் அவற்றில் நல்ல கூட்டம். அந்தக் கூட்டத்தைக் காட்டி "மால் நல்லாத்தானே போகுது" என்று சிலர் சொன்னார்கள். ஆனால் படம் பார்க்க வந்தவர் படம் பார்த்துவிட்டு நேராகக் காருக்குப் போனார். பனிச்சறுக்கு வகுப்புக்குக் குழந்தையைக் கொண்டுவந்த அம்மா கண்ணாடிக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்திருந்தார். கடை வரிசை வழியாக நடந்து போகவேண்டிய அவசியம் யாருக்கும் இல்லை. கூட்டம் இருந்தது, பை தூக்கிய கூட்டம் இல்லை. இன்றைக்கும் எந்த மாலுக்குப் போனாலும் எத்தனை பேர் கையில் பை இருக்கிறது என்றுதான் முதலில் பார்க்கிறேன்.

நடைபாதை நடுவில் ஒரு நேபாளி அக்கா புருவம் திருத்தும் சின்னக் கடை வைத்திருந்தார். தீதி என்றுதான் கூப்பிடுவேன். இரண்டு நாற்காலி, ஒரு நூல் உருண்டை, ஒரு கண்ணாடி. அந்தக் காலத்தில் மாலுக்குள் நான் காசு கொடுத்த ஒரே இடம் அதுவாகத்தான் இருக்கும். அவரிடம் கற்றுக்கொண்டதைச் சொல்கிறேன், கடை போடுகிற எண்ணம் இருப்பவர்களுக்கு. இறங்குகிற மாலில் வாடகை மலிவாகக் கிடைக்கும், பேரம் பேசலாம். அது நல்ல வாய்ப்பாகக்கூட இருக்கும். ஆனால் அப்படிக் கொடுப்பது பெரும்பாலும் மாதாமாதம் நீட்டிக்கிற அனுமதியாக இருக்கும், பல வருடக் குத்தகையாக இருக்காது. ஒரு மாத அறிவிப்பில் காலி செய்யச் சொல்லலாம். தீதி அதைத் தெரிந்தே எடுத்தார். அதனால் சுவரில் அடிக்கிற மாதிரி எதற்கும் செலவு செய்யவில்லை. சக்கரம் வைத்த அலமாரி, மடக்கு நாற்காலி. முக்கியமாக, வந்தவர்கள் எல்லோருடைய போன் நம்பரையும் ஒரு நோட்டில் எழுதி வைத்தார். மாலுக்காக வாடிக்கையாளர் வருவதில்லை, தன்னை நம்பித்தான் வருகிறார்கள் என்று அவருக்குத் தெரிந்திருந்தது. கடைசியில் சன்னிவேலில் ஒரு மளிகைக் கடை வரிசையில் இடம் பிடித்து எல்லோருக்கும் குறுஞ்செய்தி அனுப்பினார். நாங்கள் அங்கே போக ஆரம்பித்தோம்.

பல வருடக் குத்தகை எடுக்கிறவர்கள் இன்னொன்றையும் கேட்டு எழுதி வாங்க வேண்டும். பெரிய கடை மூடினால் தங்கள் வாடகை குறையுமா, இல்லை வெளியேற உரிமை உண்டா? நாடு முழுக்கக் கிளை வைத்திருக்கும் நிறுவனங்கள் இந்த நிபந்தனை இல்லாமல் பெரும்பாலும் கையெழுத்துப் போடுவதில்லை. அதனால்தான் ஒரு பெரிய கடை போனால் பின்னாலேயே நாலைந்து பெயர்பெற்ற கடைகள் சரசரவென்று கிளம்புகின்றன. அந்த நிபந்தனை இல்லாத சின்னக் குடும்பக் கடைகள் மட்டும் பழைய வாடகையோடு மாட்டிக்கொண்டு நிற்கும். கட்டடத்தை இடிக்கப்போவதானால் எத்தனை மாத அவகாசம், போட்ட உள்அலங்காரத்துக்கு ஏதாவது திரும்பக் கிடைக்குமா என்பதையும் அதே காகிதத்தில் தேடுங்கள். இதற்கு வக்கீலுக்குக் கொடுக்கிற காசு வீண் போகாது.

2014இல் சாண்ட் ஹில் என்ற உள்ளூர்க் கட்டுமான நிறுவனம் துண்டு துண்டாகக் கிடந்த இடங்களை ஒவ்வொன்றாக வாங்கத் தொடங்கியது. எத்தனையோ வருடத்துக்கு அப்புறம் வால்கோ ஒரே கைக்கு வந்தது அப்போதுதான். மேசிஸும் சியர்ஸும் 2015இல் மூடின, ஜே.சி.பென்னி 2016இல். பழைய மாலைத் தூக்கி நிறுத்துவதற்கு வேண்டிய ஒற்றை உடைமை கிடைத்தபோது, தூக்கி நிறுத்தும் எண்ணம் யாருக்கும் இல்லை. தரைமட்டமாக்கிவிட்டுப் புதிதாகக் கட்டுவதுதான் திட்டம். ரஃபேல் வின்யோலி என்ற புகழ்பெற்ற கட்டடக் கலைஞர் வரைந்த படங்கள் வந்தன. கடைகள், வீடுகள், 20 லட்சம் சதுர அடி அலுவலகம், எல்லாவற்றுக்கும் மேலே 30 ஏக்கரில் ஒரே கூரைத் தோட்டம். அதில் திராட்சைக் கொடி, நடைபாதை, குழந்தைகள். படத்தைப் பார்த்து நானே மயங்கினேன்.

ஊர் மயங்கவில்லை. அலுவலகம் இவ்வளவு வந்தால் உல்ஃப் சாலையில் கார் நகருமா, பக்கத்திலேயே ஆப்பிளின் புது வளாகம் வேறு எழும்பிக்கொண்டிருக்கிறதே, பள்ளிகள் தாங்குமா என்று கேட்டார்கள். மறுபக்கம், வாடகை கொடுத்து முடியாத ஊரில் வீடு கட்ட விடாமல் தடுப்பது நியாயமா என்ற கேள்வி. 2016 நவம்பரில் இரண்டு முன்மொழிவுகள் வாக்கெடுப்புக்கு வந்தன. மெஷர் சி, உயரத்தையும் அடர்த்தியையும் கட்டுப்படுத்தவும் வால்கோவில் வீடுகளைத் தவிர்க்கவும் குடிமக்கள் சிலர் கொண்டுவந்தது. மெஷர் டி, கூரைத் தோட்டத் திட்டத்துக்கு ஒப்புதல் கேட்டு நிறுவனத் தரப்பு கொண்டுவந்தது. மக்கள் இரண்டையும் தோற்கடித்தார்கள். இதுவும் வேண்டாம், அதுவும் வேண்டாம். அப்போது என்னதான் வேண்டும் என்று சொல்ல வாக்குச்சீட்டில் இடம் கிடையாது.

அந்த வருடங்களில் மளிகைக் கடை வாசலில் கையெழுத்து வாங்குகிறவர்கள் நிற்பார்கள். "வால்கோவைக் காப்பாத்தணுமா? இங்க கையெழுத்துப் போடுங்க" என்பார்கள். இரண்டு தரப்பும் அதே வாக்கியத்தைத்தான் சொல்லும்! மனுவின் மேலே சட்டப்படி அச்சடித்த தலைப்பும் சுருக்கமும் இருக்கும். நின்று அதைப் படித்துவிட்டு முடிவு செய்யுங்கள். இன்னொரு விஷயம், நம்மில் பலருக்குத் தெரியாது: பதிவு செய்த வாக்காளர்கள் மட்டுமே அந்த மனுவில் கையெழுத்துப் போடலாம். விசாவில் இருப்பவர்களும் பச்சை அட்டைக்காரர்களும் போடக் கூடாது. வற்புறுத்தினாலும் பேனாவை வாங்காதீர்கள். ஆனால் நகர மன்றக் கூட்டத்தில் பேச எந்த விசாவும் தடையில்லை. இது தெரிந்தபோது எனக்கு ஒரு தெம்பு வந்தது. வாக்கு இல்லாத ஊரில் எனக்கு மூன்று நிமிட மைக் இருந்தது.

நூலகத்துக்குப் பக்கத்தில் இருக்கும் சமூகக் கூடத்தில்தான் கூட்டங்கள் நடந்தன. செவ்வாய் மாலை ஆரம்பித்து நள்ளிரவைத் தாண்டிப் போகும். கூட்டம் அதிகமானால் மூன்று நிமிடம் இரண்டாகும், ஒன்றாகவும் ஆகும். எழுதிக்கொண்டு போன பேச்சைப் பாதியில் நிறுத்திவிட்டு வந்த பிறகுதான் மற்றவர்கள் என்ன செய்கிறார்கள் என்று பார்த்தேன். விவரம் தெரிந்தவர்கள் கூட்டத்துக்குச் சில நாட்கள் முன்பே மின்னஞ்சலில் கருத்தை அனுப்பிவிடுகிறார்கள். அது உறுப்பினர்கள் படிக்கும் கட்டில் சேர்ந்துவிடும், பிற்பாடு வழக்கு என்று வந்தால் பதிவிலும் இருக்கும். மைக்கில் ஒரே ஒரு விஷயத்தை மட்டும் சொல்கிறார்கள். "ரொம்ப உயரம்" என்று யாரும் சொல்லலாம்; இந்தப் பக்கத்தில் இந்த விதி இத்தனை அடி என்கிறது, திட்டத்தில் இத்தனை இருக்கிறதே என்று கேட்பவரைத்தான் அதிகாரிகள் நிமிர்ந்து பார்க்கிறார்கள்.

ஏன் என்பது 2018இல் புரிந்தது. மாநிலம் முந்தைய வருடம் எஸ்.பி. 35 என்று ஒரு சட்டம் போட்டிருந்தது. வீடுகட்டும் இலக்கை எட்டாத ஊர்களில், குறிப்பிட்ட பங்கு வீடுகள் குறைந்த வருமானக்காரர்களுக்கு என்று ஒதுக்கி, எழுதிவைத்த விதிகளுக்கெல்லாம் பொருந்தும்படி திட்டம் கொடுத்தால், நகரம் அதை ஏற்றாக வேண்டும். பெரிய திட்டமானாலும் 180 நாளுக்குள் பதில். பொதுமக்கள் விசாரணை, சுற்றுச்சூழல் ஆய்வு எதுவும் கிடையாது. சாண்ட் ஹில் நிறுவனம் மார்ச்சில் அந்தச் சட்டத்தின் கீழ் மனு போட்டது: 2,402 வீடுகள், அதில் பாதி குறைந்த வாடகைக்கு, 18 லட்சம் சதுர அடி அலுவலகம், 4 லட்சம் சதுர அடி கடைகள். இன்னொரு பக்கம் நகர மன்றம் இதே இடத்துக்குத் தனியாக ஒரு திட்டம் தயாரித்து, கூட்டம் போட்டு, கருத்துக் கேட்டு, செப்டம்பரில் நிறைவேற்றியது. அதே வாரத்தில் எஸ்.பி. 35 மனுவுக்கும் அனுமதி வந்தது, மன்ற வாக்கெடுப்பு எதுவும் இல்லாமல், அதிகாரிகளின் கடிதமாக. கருத்துக் கேட்டுத் தயாரித்த திட்டத்தை எதிர்த்துக் கையெழுத்து திரட்டினார்கள். தேர்தலில் மன்றத்தின் பெரும்பான்மை மாறியது, 2019இல் அந்தத் திட்டத்தை ரத்து செய்தார்கள். யாரிடமும் கருத்துக் கேட்காத அனுமதி நிலைத்தது. அதை எதிர்த்துப் போட்ட வழக்கும் 2020 மேயில் தோற்றது.

இதனால் நான் பேசியதெல்லாம் வீண் என்று சொல்ல வரவில்லை. பேசிய நேரம்தான் பொருந்தவில்லை. ஒரு இடத்தில் எவ்வளவு உயரம், எத்தனை வீடு, எவ்வளவு அலுவலகம் என்று ஊரின் பொதுத் திட்டத்தில் எழுதுகிற காலம் ஒன்று உண்டு. அந்தக் கூட்டங்களுக்கு ஈ, காக்கை வராது. கலிபோர்னியாவில் அந்தப் பொதுத் திட்டத்தின் வீட்டுவசதி அத்தியாயத்தை எட்டு வருடத்துக்கு ஒருமுறை புதுப்பிக்கிறார்கள். உங்கள் தெருமுனை மாலைப் பற்றி உங்களுக்கு அக்கறை இருந்தால் போக வேண்டியது அதற்கு. படம் வந்து, மாதிரி வைத்து, மக்கள் சட்டையில் பட்டன் குத்திக்கொண்டு வரும் கூட்டம் வருவதற்குள் விதிகள் எழுதி முடிந்திருக்கும்.

2018 அக்டோபரில் இடிக்க ஆரம்பித்தார்கள். தியேட்டர் அதே வருடம் மூடியிருந்தது. பாலமும் பிறகு போனது. தூசி வரும் என்று பால்கனிக் கதவைச் சாத்தியே வைத்திருந்தோம். அப்புறம் மண்ணைத் தோண்டிப் பார்த்தால் கடைகளோடு இருந்த பழைய கார் பழுதுபார்ப்பு இடங்களின் கீழே ரசாயனம் கலந்திருந்தது. அதைச் சுத்தம் செய்யும் வேலை மாவட்டச் சுற்றுச்சூழல் துறையின் மேற்பார்வைக்குப் போய், மாதங்கள் ஓடின. மால் என்றால் துணிக்கடை என்றுதான் நினைக்கிறோம். எண்ணெய் மாற்றும் கூடமும் அதில் ஒரு மூலை. பழைய மால் நிலத்தில் வருகிற எந்த வீட்டையும் வாங்கும் முன் மண் அறிக்கையைக் கேளுங்கள். பொது ஆவணம், கொடுப்பார்கள்.

பள்ளிக் கவலையைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் எங்கள் வாட்ஸாப் குழுக்களில் அதுதான் பெரிதாக எரிந்தது. புது வீடுகள் வந்தால் வகுப்பில் இடம் கிடைக்காது என்றார்கள். நடந்தது தலைகீழ். வாடகைக்குப் பயந்து இளம் குடும்பங்கள் வெளியேற, மாணவர் எண்ணிக்கை சரிந்து, ரெக்னார்ட் தொடக்கப் பள்ளியையே 2022இல் மூடினார்கள். அந்தக் குழுக்களில் முன்பு சத்தமாகப் பேசியவர்கள் இப்போது பள்ளியை மூடாதே என்று அட்டை பிடித்தார்கள்.

திட்டத்துக்கு இப்போது 'தி ரைஸ்' என்று பெயர். 2024இல் திருத்திய வடிவத்துக்கு அனுமதி கிடைத்தது. 2,669 வீடுகள், அதில் 890 குறைந்த வாடகைக்கு. அலுவலகம் ஏறக்குறைய 19.5 லட்சம் சதுர அடி. கடைகள் சுமார் 2.26 லட்சம். 12 லட்சத்தில் தொடங்கி, 4 லட்சமாகி, அதிலும் ஏறக்குறைய பாதியாகிவிட்டது கணக்கு. நாங்கள் மயங்கிய கூரைத் தோட்டமும் திட்டத்தில் இல்லை. 2018 அனுமதிக்கும் இதற்கும் நடுவில் அங்கே ஒரு மாடிகூட எழும்பவில்லை.

பக்கத்தில் வீடு பார்க்கிற நண்பர்கள் இன்னமும் என்னிடம் கேட்கிறார்கள். விற்பனைத் தரகர் கொடுக்கிற காகிதத்தில் "புதிய நகர மையம், நடந்து போகும் தூரம்" என்று இருக்கும். விலையிலும் அது ஏறியிருக்கும். நான் அவர்களை மூன்று விஷயம் பார்க்கச் சொல்கிறேன். திட்ட அனுமதி கிடைத்துவிட்டதா என்பது முதல் கேள்வி, அது சுலபம், நகரத்தின் இணையப் பக்கத்திலேயே இருக்கும். இரண்டாவது, எந்தக் கட்டடத்துக்காவது கட்டுமான உரிமம் வாங்கியிருக்கிறார்களா? திட்ட அனுமதி என்பது கட்டலாம் என்ற சம்மதம், அவ்வளவுதான். உரிமத்துக்குப் பணம் கட்டி, பொறியியல் வரைபடம் கொடுத்தவர்தான் கட்டப்போகிறவர். அந்த உரிமத்தையும் நகர அலுவலகத்தில் தேடிப் பார்க்கலாம். மூன்றாவது, அலுவலகப் பகுதிக்கு யாராவது வாடகைக்கு வர ஒப்புக்கொண்டிருக்கிறார்களா, வங்கிக் கடன் முடிந்ததா? 20 லட்சம் சதுர அடி அலுவலகத்தின் வாடகையை நம்பித்தான் குறைந்த வாடகை வீடுகளும் கடைகளும் கணக்கில் வருகின்றன. கொரோனாவுக்கு அப்புறம் நிறையப் பேர் வீட்டிலிருந்தும் வேலை பார்க்கிற பகுதி இது. இரண்டாவதுக்கும் மூன்றாவதுக்கும் "ஆம்" என்று பதில் வராதவரை, வால்கோவின் பெயரைச் சொல்லிக் கேட்கும் கூடுதல் விலையைக் கொடுக்காதீர்கள், இப்போது அங்கே இருக்கிற வேலி போட்ட மைதானத்துக்கு என்ன விலையோ அதை வைத்துப் பேரம் பேசுங்கள் என்று சொல்லி அனுப்புகிறேன்.